வீட்டு முகவரி

கேட்ஸ் ஃபெர்ரி
மார்ச் 6

அன்புத் தம்பி ஆர்லிசுக்கு,

கர்த்தர் கிருபையால் நானும் ட்ரினாவும் இருக்கிறோம். உன் பல்வலி தேவலையா? பிடுங்கிவிட்டார்களா, இல்லை மாத்திரையைக் கொடுத்தே நாளைக் கடத்துகிறார்களா?

இங்கே கோழி இறைச்சித் தொழிற்சாலையை இழுத்து மூடிவிட்டார்கள். போன மாதம் ஒரு வெள்ளிக்கிழமை வேலைக்குப் போனால் வாசல் கதவில் சங்கிலி. எங்கள் ரப்பர் காலணிகள்கூட உள்ளே மாட்டிக்கொண்டன. ஊரில் பாதிப் பேர் மளிகைக்கடை வாசலில் நின்று ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டிருக்கிறோம். வேலையோடு மருத்துவக் காப்பீடும் போயிற்று. அது போன நேரம் பார்த்து ட்ரினாவின் வலிப்பு கூடியிருக்கிறது. தேவாலயத்தில் பாடிக்கொண்டிருந்தவள் அப்படியே பின்பக்கமாகச் சாய்ந்தாள். பெஞ்சு விளிம்பில் தலை பட்டுத் தையல் போட வேண்டியதாயிற்று. கண் திறந்ததும், “அம்மா, எல்லாரும் பாத்துட்டாங்களா?” என்றுதான் முதலில் கேட்டாள்.

நீ கவலைப்படாதே. எனக்கு வேறு வேலை கிடைத்துவிட்டது. பக்கத்து மாவட்டத்தில் ஒரு முதியோர் இல்லம். காப்பீடு உண்டு. ட்ரினாவின் புது மாத்திரைக்கு அதுதான் வழி. ஞாயிறுகளிலும் வேலை என்பதால் உன்னைப் பார்க்க வருவது இனிக் கஷ்டம்.

ஒன்று கேட்கிறேன், சும்மா தெரிந்துகொள்ளத்தான். அங்கே புதிதாக வரும் காவலர்களில் எப்படிப்பட்டவர்களை நீங்கள் ஏய்ப்பீர்கள்?

உனக்காகத் தினமும் ஜெபிக்கும்
அக்கா வெர்னெல்


ரான்சம் பண்ணைச் சிறை
மார்ச் 24

அன்புள்ள அக்காவுக்கும், அக்காவுக்கு முன்னால் இதைப் பிரித்து வாசிக்கும் தபால் அறை ஐயாவுக்கும் ஆர்லிஸ் டக்கெட்டின் வணக்கம்.

பல்லைப் பிடுங்கிவிட்டார்கள். ஆனால் பக்கத்துப் பல்லை. “ஐயா, இது இல்ல, அடுத்தது” என்றேன். “அடுத்ததுக்கு அடுத்த தடவை எழுதிப் போடு” என்றார் டாக்டர். எழுதிப் போட்டிருக்கிறேன்.

ட்ரினாவைப் பற்றி வாசித்தபின் இரண்டு நாள் சாப்பாடு இறங்கவில்லை. ஆனால் இங்கே சாப்பாடு இறங்காததற்கு வேறு காரணமும் உண்டு என்பதால் யாரும் கண்டுகொள்ளவில்லை. உனக்கு வேலை கிடைத்ததே, அது போதும்.

இனி என் செய்தி. நன்றாக உட்கார்ந்துகொள். தண்டனை முடியுமுன் விடலாமா என்று முடிவு செய்யும் பரோல் வாரியம் இலையுதிர் காலத்தில் என்னை அழைக்கப்போகிறது. பத்தொன்பது வயதில் குடித்துவிட்டுத் துப்பாக்கியோடு பெட்ரோல் நிலையத்துக்குள் போன மடையனுக்கு இப்போது தலையில் நரை வந்துவிட்டது, போதும் என்று நினைக்கிறார்கள்போல. எங்கள் விவகாரங்களைப் பார்க்கும் திருமதி பர்டீன் கூப்பிட்டுச் சொன்னார்:

“டக்கெட், உன் நடத்தை நல்லாத்தான் இருக்கு. வெல்டிங் படிச்சிருக்க. ஆனா வெளிய போய் எங்க படுப்ப? தங்க இடம் இல்லாதவனை வாரியம் திரும்பிக்கூடப் பாக்காது.”

“அம்மா வீடு இருக்குங்க. அக்கா இருக்கா.”

“அப்ப அவங்களை எழுதி அனுப்பச் சொல்லு. எங்க ஆள் போய் வீட்டைப் பாத்துட்டு வருவார்.”

அவ்வளவுதான் அக்கா. ‘என் தம்பி என் வீட்டில் தங்கலாம்’ என்று எழுதி, வீட்டு முகவரியைப் போட்டு அனுப்பு. பின்னறை போதும். கூரை ஒழுகினால் நானே ஏறி அடைக்கிறேன்.

காவலர்களைப் பற்றிக் கேட்டாய். “தயவுசெஞ்சு” என்று சொல்கிறவரை முதல் வாரம் ஏய்ப்போம். அவர் அப்படியே நீடித்தால் இரண்டாம் மாதம் அவருக்காக அடி வாங்கவும் தயாராவோம். ஆனால் இரண்டாம் மாதம்வரை யாரும் அப்படி நீடிப்பதில்லை.

உன் தம்பி
ஆர்லிஸ்


கேட்ஸ் ஃபெர்ரி
ஏப்ரல் 30

அன்புத் தம்பி,

நலம். நீயும் நலமென்று நம்புகிறேன். பதில் தாமதமானதற்கு வேலைதான் காரணம்.

முதியோர் இல்லத்து வேலை நான் நினைத்ததுபோல் இல்லை. முதல் வாரம் ஒருவர் முகத்தில் எச்சில் துப்பினார். இன்னொருவர் கோப்பையில் சேர்த்து வைத்திருந்ததை எடுத்து ஊற்றினார், என்னவென்று கேட்காதே. கழிவறையில் உட்கார்ந்து அழுதேன். மேற்பார்வையாளர் வந்து, “அவங்க கத்துறதைக் கேட்டுக்கிட்டிருந்தா நீ தினமும் அழணும். காதை வீட்டுல வச்சுட்டு வா. கண்ணைப் பாக்காத, கையைப் பாரு” என்றார். இப்போது கையைத்தான் பார்க்கிறேன். அழுகை நின்றுவிட்டது.

ட்ரினாவுக்குப் புது மாத்திரை தொடங்கியாயிற்று. முதலில் தூங்கி வழிந்தாள். இப்போது பரவாயில்லை.

அங்கே வெயில் எப்படி? உடம்பைப் பார்த்துக்கொள்.

அக்கா
வெர்னெல்


ரான்சம் பண்ணை
மே 15

அன்புள்ள அக்கா, தபால் அறை ஐயா, இருவருக்கும் வணக்கம்.

நான் நலம். வெயிலும் நலம், எங்களைவிட நன்றாகவே இருக்கிறது. பருத்தி வயலில் களை வெட்டுகிறோம். நாங்கள் வரிசையாக நடக்க, காவலர் குதிரைமேல் உட்கார்ந்து பின்னாலேயே வருகிறார். போன வாரம் என் வரிசையில் இருந்த வயதானவர் களைக்கொட்டோடு குப்புற விழுந்தார்.

“எந்திரிடா, சாப்பாட்டுக்கு இன்னும் மணி அடிக்கல” என்றார் குதிரைக்காரர்.

அவர் எழவில்லை. குதிரைக்காரர் குதிரையை அவர்மேல் ஏற்றுவதுபோல ஓட்டினார். குதிரை கழுத்தை மடக்கிக்கொண்டு ஏற மறுத்தது. இரண்டு தரம் சவுக்கால் அடித்தும் மறுத்துவிட்டது. மாலையில் திரும்பினால் அந்த வயதானவரின் கட்டிலில் மெத்தையைச் சுருட்டி வைத்திருந்தார்கள். எங்கே என்று கேட்டவனுக்கு, “உன் கட்டில்ல மெத்தை இருக்குல்ல? படு” என்று பதில் கிடைத்தது.

உங்கள் இல்லத்துக் கிழவர்கள் மட்டும் ரொம்ப வாலிபமாக இருக்கிறார்களே அக்கா. துப்புகிறார்கள், ஊற்றுகிறார்கள். என்ன சாப்பாடு போடுகிறீர்கள்?

முகவரி எழுதி அனுப்பினாயா? உன் கடிதத்தில் அதைப் பற்றி ஒன்றும் இல்லை. மறந்திருப்பாய். திருமதி பர்டீன் இரண்டு தடவை கேட்டுவிட்டார்.

ட்ரினாவுக்கு என் முத்தம். பின்னறைச் சுவருக்கு என்ன வண்ணம் அடிக்கலாம் என்று அவளையே கேட்டு எழுது.

ஆர்லிஸ்


கேட்ஸ் ஃபெர்ரி
ஜூலை 2

அன்புத் தம்பி,

நாங்கள் நலம். ட்ரினாவுக்கு மே மாதத்துக்குப் பிறகு ஒருமுறைகூட வலிப்பு வரவில்லை. தெருப் பிள்ளைகளோடு ஓடுகிறாள், சைக்கிள் கேட்கிறாள். டாக்டர், மாத்திரையை ஒரு வேளைகூட நிறுத்தக்கூடாது என்றார்.

நீ கேட்டதை ஜூன் மாதமே அனுப்பிவிட்டேன். கிடைத்திருக்க வேண்டும்.

வேலை பழகிவிட்டது. இங்கே சத்தம் போடாதவர்களே அதிகம் ஏமாற்றுகிறார்கள். ஒருவன் நல்லவன்போல வாரக்கணக்கில் “மேடம், மேடம்” என்று பேசிவிட்டு என் பேனாவை எடுத்துக் கூர் தீட்டி வைத்திருந்தான். இனி யாரிடமும் சிரிப்பதில்லை. எண்ணிக்கை முடிந்து சாப்பாட்டு இடைவேளையில் எழுதுவதால் இவ்வளவுதான். வெறும் காப்பிதான் சாப்பாடு.

அக்கா
வெர்னெல்


ரான்சம்
ஜூலை 17

அன்புள்ள அக்கா,

நலம். நீ அனுப்பியதாகச் சொன்னது வரவில்லை. திருமதி பர்டீன் என் எதிரிலேயே எல்லாக் காகிதத்தையும் புரட்டிப் பார்த்தார். “ஒண்ணும் வரலையே டக்கெட். அக்கா இருக்கான்னுதானே சொன்ன?” என்று கேட்டார்.

உன் கடிதத்தைத் திரும்பத் திரும்ப வாசித்தேன். எந்த முதியோர் இல்லத்தில் ஆட்களை எண்ணிப் பார்க்கிறார்கள்? எந்தக் கிழவர் பேனாவைக் கூர் தீட்டுகிறார்?

எந்தச் சிறை, அக்கா?

முதலில் சிரித்தேன். உன்னைச் சீருடையிலும் இடுப்பில் சாவிக்கொத்தோடும் நினைத்துப் பார்த்து, வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தேன். பிறகு அந்தச் சிரிப்பு எங்கேயோ போய்விட்டது. எனக்குக் கோபமில்லை. நம் பக்கத்தில் கோழி இல்லையென்றால் சிறை. வேறு என்ன இருக்கிறது? பிள்ளைக்கு மாத்திரை வேண்டும். நீ கதவுக்கு எந்தப் பக்கம் நின்றாலும் எனக்கு அக்காதான். குதிரை கொடுத்தார்களா என்பதை மட்டும் சொல்.

ஆனால் முகவரியை ஏன் அனுப்பவில்லை என்பது இப்போதுதான் உறைக்கத் தொடங்குகிறது. நான் நினைப்பது தவறென்று எழுது.

ஆர்லிஸ்


கேட்ஸ் ஃபெர்ரி
ஆகஸ்ட் 9

தம்பிக்கு,

நலம்.

டாலோ பெண்ட் சிறை. தனிக்கொட்டடிப் பிரிவு. மார்ச்சிலிருந்து.

வேலைக்கு எழுதிக் கேட்டபோது ‘இரத்த உறவினர் யாரேனும் சிறையில் உள்ளனரா’ என்று ஒரு கேள்வி இருந்தது. இல்லை என்று எழுதினேன். உன் ஆள் வீட்டைப் பார்க்க வந்து என் சீருடை கொடியில் காய்வதைக் கண்டால் அன்றே வேலை போய்விடும். வேலை போனால் மாத்திரை போகும். அவள் திரும்பவும் விழுவாள். எங்கே விழுவாளோ தெரியாது. அடுப்படியிலா, ரோட்டிலா?

தேவாலயங்கள் நடத்தும் விடுதிகள் இருக்கின்றன. திருமதி பர்டீனிடம் கேள். இடம் கிடைக்கச் சிரமம் என்று எனக்கும் தெரியும்.

நீ என்னைப் பற்றி என்ன நினைக்கிறாய் என்பதையும் யோசித்துவிட்டேன். நீங்கள் உள்ளே இருந்துகொண்டு எங்களைத் திட்டுவது சுலபம். இந்தப் பக்கம் நின்று பார்த்தால் தெரியும். இந்த வாரம் ஒருவன் வேண்டுமென்றே கழிவறையை அடைத்து நடை முழுக்க வெள்ளமாக்கினான். முதல் சம்பளத்தில் வாங்கிய காலணி பாழ். அதில் நடந்துதான் வீட்டுக்கு வந்தேன். உங்களுக்கெல்லாம் எப்படிச் சொன்னால் புரியும்?

யாரிடமும் என்னைப் பற்றிப் பேசாதே.

வெர்னெல்


ரான்சம்
செப்டம்பர் 11

அக்கா,

நலம். நீயும் ட்ரினாவும் நலம்தானே. தபால் அறை ஐயா, இதை வாசிப்பதானால் வாசித்துக்கொள்ளுங்கள். என்னால் எழுதாமல் இருக்க முடியாது.

விடுதிகளில் இடமில்லை என்று திருமதி பர்டீன் கையை விரித்துவிட்டார். ஆனால் நான் எழுதுவது அதற்காக அல்ல.

போன மாதக் கடைசியில் என் பக்கத்துக் கட்டிலுக்கு ஒருவன் வந்தான். டாலோ பெண்டிலிருந்து மாற்றி அனுப்பப்பட்டவன். அவன் பெயரை எழுதமாட்டேன்; அந்த அளவு அறிவு எனக்கும் உண்டு. அமைதியான ஆள். வந்த வாரமே நான் வயலில் மயங்கி விழுந்தேன். குதிரைக்காரர் கத்தக் கத்த, களைக்கொட்டைப் போட்டுவிட்டு வந்து என்னைத் தூக்கி மர நிழலில் கிடத்தியவன் அவன்தான். அதற்காக அவனுக்குக் கேண்டீனை நிறுத்தினார்கள். “விடுய்யா, எனக்கு வாங்கித் திங்க எவன் காசு அனுப்புறான்” என்று சிரித்தான்.

ஒரு மத்தியானம் மழையால் வயலுக்கு அனுப்பவில்லை. என் சட்டையில் அச்சடித்த பெயரையே பார்த்துக்கொண்டிருந்தான்.

“டக்கெட். அங்க ஒரு ஆபீசரம்மா இருந்தா, இதே பேரு. ஒனக்கு ஒறவா?”

“எனக்கு அக்காவும் கெடையாது, யாரும் கெடையாது.”

“அக்கான்னு நான் எங்கய்யா சொன்னேன்” என்றான். பிறகு அவனாகவே சொன்னான்.

“எனக்கு அடுத்த கொட்டடியில பெட்டிஸ்னு ஒருத்தன். புத்தி சரியில்லாதவன். போர்வையக் கழிவறைக்குள்ள திணிச்சு நடையெல்லாம் வெள்ளம் பண்ணுவான். சார்ஜென்ட் வந்து பாத்தாரு. ‘தண்ணியோடதான வெளயாடுறான், தண்ணிய நிறுத்து’ன்னாரு. வெளிச்சுவத்துல ஒரு திருகு இருக்கு. அதை மூடுனா உள்ள ஒரு சொட்டு வராது. மூடுனது அந்தம்மா. சாயங்காலம் தெறந்துடுவாங்கன்னு நாங்க நெனச்சோம்.”

“தெறக்கலையா?”

“ஆகஸ்ட் மாசம்யா. சுவரத் தொட்டா சுடும். மொதல்ல திட்டுனான். அப்புறம் அழுதான். ‘மிஸ் டக்கெட், ஒரு வாய் தண்ணி, நல்ல புள்ளையா இருப்பேன்’னான், கொழந்த மாதிரி. அந்தம்மா கதவுல சாப்பாட்டுத் தட்டு தள்ளுற தொளை வழியா காஞ்ச ரொட்டியத் தள்ளிட்டு, ‘என் ஷூவ நாசம் பண்ணுனப்ப எங்கடா போச்சு இந்தப் புத்தி’ன்னா. வேளைக்கு வேளை ஆள் மாறுச்சு. ஒருத்தனும் தெறக்கல. கடைசியில அவங்கிட்டருந்து சத்தமே இல்ல. அந்தம்மா எட்டிப் பாத்துட்டு ‘தூங்குறான்’னு சொல்லிட்டுப் போனா. நான் கதவ ஒதச்சேன். ‘ஒனக்கும் நிறுத்தவா?’ன்னு கேட்டா. நான் ஒதைக்கறத விட்டுட்டேன்யா. அதான் இப்பவும் என்னைத் தூங்க விடல. மறுநாள் அவன போர்வையில சுத்தித் தூக்கிட்டுப் போனாங்க.”

உன் ஆகஸ்ட் கடிதம் என் தலையணைக்கு அடியில் இருந்தது, அக்கா. காலணியைப் பற்றி நீ எழுதியிருந்தாய்.

இல்லை என்று ஒரு சொல் எழுது. வேறெதுவும் எழுதவேண்டாம். நான் நம்பிவிடுவேன். ஊருக்குப் பத்து டக்கெட் இருக்கிறார்கள்.

ஆர்லிஸ்


கேட்ஸ் ஃபெர்ரி
செப்டம்பர் 19

அன்புத் தம்பி ஆர்லிசுக்கு,

நானும் ட்ரினாவும் நலம். வயலில் மயங்கி விழுந்ததாக எழுதியிருந்தாய். மனசு பதறிவிட்டது. தண்ணீர் நிறையக் குடி.

உனக்கு நல்ல செய்தி. வீட்டு முகவரியை இந்தமுறை உண்மையாகவே அனுப்பிவிட்டேன். எங்கள் கண்காணிப்பாளரே கையெழுத்துப் போட்டு அனுப்பினார். திங்கட்கிழமை என்னை அவர் அறைக்குக் கூப்பிட்டார். மேஜைமேல் உன் கடிதத்தின் நகல் இருந்தது. அது எனக்கு வருமுன் உங்கள் தபால் அறையிலிருந்து அவருக்குப் போயிருக்கிறது. ஆனால் அவர் கோபப்படவில்லை. “தம்பி இருக்கான்னு முன்னாடியே சொல்லியிருக்கலாமேம்மா, குடும்பம்னா குடும்பந்தானே” என்றார். உட்காரச் சொன்னார். காப்பி வரவழைத்தார். வாரியத்தில் தனக்குத் தெரிந்தவர் ஒருவர் இருப்பதாகவும், முகவரி உள்ள நல்ல பையனை வெளியே விடுவதில் சிக்கல் இருக்காது என்றும் சொன்னார்.

உன் பக்கத்துக் கட்டில்காரன் பெயர் டோபியாஸ் க்ரீர். நீ எழுதவில்லை. எழுதவேண்டிய தேவையும் இருக்கவில்லை. அந்த மாதம் இங்கிருந்து அங்கே போனவன் அவன் ஒருவன்தான்.

இறந்துபோன அந்த மனிதனின் தாய் ஒரு வழக்கறிஞரை வைத்து ஏதேதோ கேட்டுக்கொண்டிருக்கிறாள். க்ரீர் ஒருவன்தான் பேசத் தயாராக இருக்கிறானாம். உன்னைப் பார்க்க ஓர் அதிகாரி வருவார். பக்கத்தில் படுக்கிறவனைப் பற்றி உனக்குத் தெரிந்திருக்கும். அவன் எப்படிப்பட்டவன் என்று கேட்டால் சொல்.

நீ கேட்ட ஒரு சொல்லை நான் எழுதப்போவதில்லை. முகவரியை அனுப்பிவிட்டேன்.

ட்ரினா பின்னறைக்கு மஞ்சள் வண்ணம் கேட்கிறாள்.

உன்மேல் உயிரையே வைத்திருக்கும்
அக்கா வெர்னெல்


ரான்சம்
அக்டோபர் 23

அக்காவுக்கு,

உயிரோடு இருக்கிறேன். நீங்களும் இருப்பீர்கள்.

அதிகாரி வந்தார். போதகரின் அறையில் வைத்துப் பேசினார். அங்கே குளிர்சாதனம் உண்டு. என் கையில் ஓர் ஆரஞ்சு சோடாவைக் கொடுத்தார். இத்தனை வருடத்தில் நான் தொட்ட முதல் சில்லென்ற பொருள். குடிக்காமல் கன்னத்தில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். வெட்கமாக இருக்கிறது, ஆனால் அப்படித்தான் உட்கார்ந்திருந்தேன்.

“நீ புதுசா எதுவும் சொல்ல வேண்டாம் டக்கெட். க்ரீர் கதை கட்டுறவனா, இல்லையா? அவ்வளவுதான்.”

ஜன்னல் வழியே வயல் தெரிந்தது. அவன் வரிசையில் குனிந்து வெட்டிக்கொண்டிருந்தான். முதுகை வைத்தே அடையாளம் தெரிந்தது. மஞ்சள் அறையை நினைத்தேன். ட்ரினா ரோட்டில் விழுவதை நினைத்தேன். இதெல்லாம் பிற்பாடு யோசித்துச் சொல்வதாகவும் இருக்கலாம். அப்போது சோடாவைத்தான் நினைத்தேன் என்று தோன்றுகிறது.

“கட்டுவான் சார்” என்றேன்.

“பெட்டிஸ் விஷயமும்?”

“அதுவுந்தான். அவனே எங்கிட்டச் சொன்னான், வக்கீல் மூலமா ஏதாச்சும் தேறும்னு.”

இந்தக் கடைசி வரியைச் சொல்லச் சொல்லி அவர் கேட்கவில்லை, அக்கா. நானாகச் சேர்த்தேன். அவர் பேனாவை நிறுத்திவிட்டு, ஆச்சரியத்தோடு என்னைப் பார்த்தார். பிறகு மகிழ்ச்சியாக எழுதிக்கொண்டார்.

மறுநாள் மதியச் சாப்பாட்டின்போது அவனைக் கூட்டிப்போக வந்தார்கள். பீன்ஸும் சோள ரொட்டியும். அவன் பாதிதான் சாப்பிட்டிருந்தான். சாப்பாட்டுக் கூடம் முழுக்கக் கேட்கும்படி ஒரு காவலர், “ஒன் பக்கத்துக் கட்டில்காரனே சொல்லிட்டான்டா, நீ புளுகுறவன்னு” என்றார். அவன் தட்டை வைத்துவிட்டு எழுந்து என்னைப் பார்த்தான். அடிப்பான் என்று நினைத்தேன். அடித்திருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

“ஓ. அக்கா” என்றான். அவ்வளவுதான். நடந்து போய்விட்டான்.

அதன்பின் கூடத்தில் யாரும் என்னோடு பேசுவதில்லை. என் தட்டில் துப்பிவிட்டுக் கொடுக்கிறார்கள். வலித்துக்கொண்டிருந்த பல்லையும் ஒருவழியாக எடுத்தாயிற்று. டாக்டர் அல்ல; குளிக்குமிடத்தில் சிலர் சேர்ந்து. கூடவே நல்ல பற்களும் போயின.

பரோல் வாரியம் காணொளித் திரையில் தோன்றி விசாரித்தது. ஒருவர் எதையோ தின்றுகொண்டிருந்தார். “எங்க தங்குவ?” “அக்கா வீட்டுல.” “அக்கா என்ன பண்றாங்க?” “உங்க இலாகாதாங்க.” எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன், பொக்கை வாயோடு. கிறிஸ்துமசுக்கு முன் விடுதலை.

நீ அந்த ஒரு சொல்லை எழுதவேயில்லை. இனி எழுதவேண்டாம். நான் கேட்கப்போவதில்லை.

ஆர்லிஸ்


கேட்ஸ் ஃபெர்ரி
டிசம்பர் 4

அன்புத் தம்பி ஆர்லிசுக்கு,

கர்த்தர் கிருபையால் நாங்கள் நலம். உன் வாய்ப்புண் ஆறியிருக்கும் என்று நம்புகிறேன். இங்கே தேவாலயத்தில் இலவசமாகப் பல்செட் செய்து தரும் டாக்டர் ஒருவர் மாதம் ஒருமுறை வருகிறார். உன் பெயரைக் கொடுத்துவிட்டேன்.

வீட்டைப் பார்க்க உங்கள் ஆள் வந்தார். என்னைத் தெரிந்தவர்போல மரியாதையாகப் பேசினார்; பின்னறையை எட்டிக்கூடப் பார்க்கவில்லை. வண்ணம் அடித்துக் காய்ந்துவிட்டது. கட்டில் சற்றுக் குட்டை, காலை மடக்கிக்கொள்ள வேண்டியிருக்கும். போன மாதம் நன்றி கூறும் பண்டிகையன்று உனக்காக ஒரு தட்டு வைத்தே சாப்பிட்டோம். நீ இத்தனை காலம் எண்ணெய்க் கப்பலில் வேலை செய்ததாக ட்ரினா நம்புகிறாள். கடலைப் பற்றி எதையாவது யோசித்துக்கொண்டு வா.

பெட்டிசின் தாய் வழக்கை விட்டுவிட்டாளாம். பேச ஆளில்லை என்று வழக்கறிஞர் விலகிவிட்டார். என்னைச் சார்ஜென்ட் ஆக்கியிருக்கிறார்கள். வேலைநேரம் இனிப் பகலில் மட்டும்தான்.

விடுதலையன்று உன் பேருந்து மதியம் மெம்ஃபிஸ் சாலை நிறுத்தத்துக்கு வரும். நான் வேலையில் இருப்பேன். ட்ரினாவைப் பக்கத்து வீட்டு அம்மாவோடு அனுப்புகிறேன். அவளுக்கு உன் முகம் தெரியாது. நீயாகப் போய்ப் பேசு.

டோபியாஸ் க்ரீரை டாலோ பெண்டுக்கே திருப்பி அனுப்பிவிட்டார்கள். என் பிரிவில்தான் இருக்கிறான். நேற்றுச் சாப்பாட்டுத் தட்டைத் தள்ளும்போது குனிந்து என் முகத்தைப் பார்த்தான். நான் அவன் கையைத்தான் பார்த்தேன்.

“மிஸ் டக்கெட், ஆர்லிஸ் எப்ப வீட்டுக்கு வர்றான்?” என்று கேட்டான்.

நான் தட்டை உள்ளே தள்ளி முடித்தேன்.

“வந்தா, நான் வெசாரிச்சேன்னு சொல்லுங்க. வயல்ல விழுந்தானே, இப்ப ஒடம்பு தேவலையான்னு கேட்டேன்னு சொல்லுங்க” என்றான்.

துளையை மூடிப் பூட்டினேன். நீ வந்தபின் இந்த வீட்டில் அவனைப் பற்றிய பேச்சே கூடாது என்பதால், விசாரித்ததை இப்போதே எழுதிவிட்டேன்.

அக்கா
வெர்னெல்